உடையாத பொருளுக்கு எதற்குக் காப்புப் பிரதி?

விலை கொடுத்து வாங்கிய வீடியோ கேம் ஒன்றை, அது பழுதாகிவிடக்கூடும் என்னும் அச்சத்தில், வாங்கியவரே ஒரு படி எடுத்து வைத்துக்கொள்ளலாமா? கேள்வி சிறியது. ஆயினும் கடந்த நாற்பது ஆண்டுகளில் சிகாகோ தொடங்கி சிட்னி, லக்சம்பர்க் வரை நீதிமன்றங்கள் இதையொட்டி அளித்த விடைகள் ஒன்றோடொன்று பொருந்துவன அல்ல. அவ்விடைகளைக் காலவரிசையில் படிப்போருக்கு ஒன்று புலப்படும். வழக்காடியோர் ஆட்டத்தைப் பற்றிப் பேசியதைவிட, அது பதிந்திருந்த பொருளைப் பற்றியே மிகுதியும் பேசினர். சில்லு கெடுமா, கெடாதா? பூட்டு எதைத் தடுக்கிறது: படியெடுப்பதையா, எடுத்த படியை ஓட்டுவதையா? வாங்கியவரின் உரிமை இத்தகைய பௌதிக வினாக்களின்மீது நிறுத்தப்பட்டது. பொருள் மாறியபோதெல்லாம் உரிமையும் இடம்பெயர்ந்தது.

தொடக்கம் ஒரு விளம்பரக்காரரிடம் உள்ளது. இல்லினாய் மாநிலத்தின் நார்த்புரூக்கில் இயங்கிய ஜே.எஸ். அண்டு ஏ. குழுமம், அஞ்சல்வழி விற்பனைக்குப் பெயர்பெற்றது. அதன் தலைவர் ஜோசப் சுகர்மேன், நீண்ட விளம்பர வாசகங்களால் மின்னணுப் பொருள்களை விற்பதில் வல்லவர். பிற்காலத்தில் குளிர்கண்ணாடி விற்றுப் பெரும்புகழ் அடைந்தவரும் இவரே. 1980-களின் தொடக்கத்தில் இந்நிறுவனம் ‘ப்ராம் பிளாஸ்டர்’ என்னும் கருவியை விற்பனைக்குக் கொண்டுவந்தது. அட்டாரி 2600 கன்சோலின் கார்ட்ரிட்ஜ் ஒன்றையும் வெற்றுக் கார்ட்ரிட்ஜ் ஒன்றையும் அதில் செருகினால், முன்னதில் உள்ள ஆட்டம் பின்னதில் சில நிமிடங்களில் படிந்துவிடும். அக்காலத்து அட்டாரி ஆட்டங்கள் பல 2 அல்லது 4 கிலோபைட் அளவே கொண்டவை. இன்றைய ஒரு குறும்படத் துணுக்கின் ஆயிரத்தில் ஒரு பங்குகூட இல்லை.

அட்டாரி நிறுவனம் வழக்குத் தொடுத்தது. எதிர்வாதம் எளிமையானது: படியெடுக்கும் உரிமையைச் சட்டமே தந்திருக்கிறது. இது வெறும் சாக்கு அன்று. கணினி நிரலைப் பதிப்புரிமைச் சட்டத்துள் எவ்வாறு அடக்குவது என்பதை ஆராய அமெரிக்க நாடாளுமன்றம் அமைத்த ஆணையம் 1978-இல் தன் அறிக்கையை அளித்தது. அதன்வழி 1980-இல் பிரிவு 117 புதிய வடிவம் பெற்றது. நிரலின் பிரதி ஒன்றுக்கு உரிமையாளராக இருப்பவர், சேமக்காப்புக்காக மட்டும் மற்றொரு பிரதி எடுக்கலாம். மூலப்பிரதியை வைத்திருக்கும் உரிமை அற்றுப்போனால் சேமப்பிரதிகளையும் அழித்துவிட வேண்டும் என்பது அப்பிரிவின் சாரம்.

ஆணையத்தின் மனத்தில் இருந்தது காந்த நாடாவும் காந்த வட்டும். இயந்திரம் ஒருமுறை தடுமாறினால், மின்னோட்டம் ஒருமுறை பிறழ்ந்தால், பல்லாயிரம் டாலர் பெறுமான நிரல் மாய்ந்துபோகும். அறிக்கையும் இயந்திரக் கோளாறு, மின்கோளாறு ஆகியவற்றால் நேரும் அழிவைத்தான் குறிப்பிட்டுப் பேசியது. 1983-இல் இல்லினாய் வடக்கு மாவட்ட நீதிமன்றம் பற்றிக்கொண்டது இந்தச் சொற்றொடரைத்தான். சட்டத்தின் வாசகத்தில் இத்தகைய வரையறை இல்லை. இருந்தும் அறிக்கையின் நோக்கத்தைக் கொண்டு நீதிமன்றம் வாசகத்தைச் சுருக்கிப் பொருள்கொண்டது. கார்ட்ரிட்ஜில் உள்ளது ரோம் சில்லு. அதில் எழுதப்பட்டது எளிதில் அழிவதில்லை. ஆகவே அவ்வகை ஆபத்து அதற்கு இல்லை. ஆபத்து இல்லாத பொருளுக்குக் காப்புப் பிரதியும் வேண்டியதில்லை. கருவியின் விற்பனைக்கு இடைக்காலத் தடை விதிக்கப்பட்டது.

இத்தர்க்கத்தின் விளைவு விந்தையானது. தயாரிப்பாளர் எவ்வளவு உறுதியான பொருளில் ஆட்டத்தைப் பதிக்கிறாரோ, அவ்வளவுக்கு வாங்கியவரின் உரிமை தேய்கிறது. கார்ட்ரிட்ஜ் தொலையலாம், தீயில் உருகலாம், குழந்தையின் கையில் சிக்கி உடையலாம். அவையெல்லாம் மனிதத் தவறுகள். சட்டம் கருதிய கோளாறுகள் அல்ல.

ஐந்தாண்டு கழித்து, 1988-இல், ஐந்தாம் சரக மேல்முறையீட்டு நீதிமன்றம் வால்ட் எதிர் குவெய்ட் வழக்கில் நேர்மாறான பொருள் கொண்டது. அது கன்சோல் வழக்கு அன்று. ஃப்ளாப்பி வட்டின் பூட்டையும் அப்பூட்டை உடைக்கும் நிரலையும் பற்றியது. ஆயினும் அங்கே இதே வாதம் எழுந்தது. சட்டத்தின் வாசகம் ஆபத்துகளைப் பாகுபடுத்தவில்லை. ஆகவே பௌதிகச் சேதம், மனிதத் தவறு உள்ளிட்ட எல்லா வகை ஆபத்துக்கும் எதிராகப் பிரதி எடுக்கலாம் என்று அந்நீதிமன்றம் கூறியது. ஒரே பிரிவு, இரண்டு வாசிப்புகள். நோக்கத்தைக் கொண்டு சொல்லைச் சுருக்குவதா, சொல்லைக் கொண்டு நோக்கத்தை விரிப்பதா என்னும் பழைய உரையாசிரியர் சிக்கல்தான் இது. கன்சோல் உலகின் நினைவில் தங்கியது முதல் வாசிப்பே.

அதே காலத்தில் ஜப்பானில் தயாரிப்பாளரே அழியத்தக்க பொருளுக்கு மாறிய சிறு இடைவேளை ஒன்று உண்டு. 1986 பிப்ரவரியில் நின்டெண்டோ தன் ஃபேமிகாம் கன்சோலுக்கு டிஸ்க் சிஸ்டம் என்னும் காந்தவட்டு இயக்கியை வெளியிட்டது. கடைகளில் வைக்கப்பட்டிருந்த எழுது இயந்திரத்தில் 500 யென் கொடுத்தால் பழைய ஆட்டத்தை அழித்துப் புதிய ஆட்டத்தை அதே வட்டில் ஏற்றித் தருவார்கள். படியெடுத்தல் இங்கே குற்றம் அன்று, வணிகமே. எடுப்பவர் யார் என்பது மட்டுமே வேறுபாடு. பிறர் வட்டு தயாரிப்பதைத் தடுக்க, வட்டின் உறையில் நிறுவனத்தின் பெயர் ஆங்கில எழுத்துகளில் குழிவாகப் பொறிக்கப்பட்டது. அக்குழிவு இல்லாத வட்டு இயக்கியில் சரியாகப் பொருந்தாது. எழுத்து பொருளை உணர்த்துவதை விட்டுப் பூட்டாகப் பணியாற்றிய இடம் இது. 1989-இல் வந்த கேம் பாயிலும் கார்ட்ரிட்ஜினுள் நிறுவனச் சின்னத்தின் வரைவு சரியாக இருந்தால்தான் ஆட்டம் தொடங்கும். பெயரை நகலெடுக்காமல் ஆட்டத்தை ஓட்ட முடியாது என்ற நிலையை உண்டாக்கினால், பதிப்புரிமைக்கு வணிகச்சின்ன உரிமையும் துணைக்கு வரும் என்பது கணக்கு.

1990-களில் களம் தைவானுக்கும் ஹாங்காங்குக்கும் நகர்ந்தது. சூப்பர் மேஜிகாம், சூப்பர் வைல்டு கார்டு, கேம் டாக்டர் என்ற பெயர்களில் விற்கப்பட்ட கருவிகள், சூப்பர் நின்டெண்டோ கன்சோலின் தலையில் அமர்ந்து, கார்ட்ரிட்ஜின் உள்ளடக்கத்தை ஃப்ளாப்பியில் இறக்கின. பின்னர் அந்த ஃப்ளாப்பியிலிருந்தே ஆட்டத்தை ஓட்டின. ஆட்டங்களின் அளவு அக்காலத்தில் மெகாபிட்டில் சொல்லப்பட்டது. 8 மெகாபிட் ஆட்டம் 1 மெகாபைட், ஒரே ஃப்ளாப்பியில் அடங்கும். 32 மெகாபிட் ஆட்டத்துக்கு மூன்று வேண்டும். இக்கருவிகள் காப்புப் பிரதிக் கருவிகள் என்னும் பெயரிலேயே விற்பனையாயின. வாங்கியவர்களில் தம் சொந்தக் கார்ட்ரிட்ஜை மட்டும் படியெடுத்தோர் சிறுபான்மையினராகவே இருந்திருப்பர் என்பதை ஒப்புக்கொள்ளத் தயக்கம் வேண்டியதில்லை. வாடகைக்கு எடுத்த ஆட்டமும் நண்பரிடம் இரவல் பெற்ற ஆட்டமும் அதே வழியில் ஃப்ளாப்பிக்குள் இறங்கின. ‘காப்பு’ என்னும் சொல் இக்காலத்தில்தான் இடக்கரடக்கலாகத் தேய்ந்தது. சொல்பவரும் கேட்பவரும் வேறொன்றைப் புரிந்துகொள்ளும் நிலை வந்தது.

ஆனால் இக்கருவிகள் விட்டுச்சென்ற தடம் ஒன்று உண்டு. ஓர் ஆட்டத்தை இறக்கும்போது, ஃப்ளாப்பிக் கோப்பின் தலைப்பில் 512 பைட் அளவுக்குத் தம் பயன்பாட்டுக்கான குறிப்புகளை இவை எழுதின. ஆட்டத்துக்கும் அதற்கும் தொடர்பில்லை. இன்று கணினியில் ஓடும் போன்மி மென்பொருள்கள் சூப்பர் நின்டெண்டோ கோப்பு ஒன்றைத் திறக்கும்போது, அதன் அளவை 1024-ஆல் வகுத்து மீதி 512 வருகிறதா என்று பார்க்கின்றன. வந்தால், முதல் 512 பைட்டை விலக்கிவிட்டுப் படிக்கின்றன. அக்கோப்புகளின் பெயர் விகுதியாக வழங்கும் எஸ்.எம்.சி. என்னும் மூன்றெழுத்தும் சூப்பர் மேஜிகாம் என்பதன் சுருக்கமே. கருவிகள் மறைந்தன, அவற்றின் கைரேகை கோப்புகளில் எஞ்சியது. ஓலைச்சுவடியில் ஏடெழுதியவரின் கைப்பழக்கத்தைக் கொண்டு வழிமுறை காண்பதற்குப் பழகிய கண்ணுக்கு இது புதிதாகத் தோன்றாது.

1994 டிசம்பரில் ஜப்பானில் வெளிவந்த சோனியின் பிளேஸ்டேஷன், கார்ட்ரிட்ஜை விடுத்துக் குறுந்தட்டைக் கைக்கொண்டது. சில ஆண்டுகளில் குறுந்தட்டு எழுதும் கருவி வீட்டுக் கணினியிலேயே வந்துவிட்டதால், படியெடுப்பது எவர்க்கும் எளிதாயிற்று. சோனியின் தடை வேறிடத்தில் இருந்தது. அசல் வட்டின் உள்விளிம்புப் பகுதியில் தடக்கோடு நுண்ணிய அளவில் நெளியுமாறு அமைக்கப்பட்டு, அந்நெளிவில் விற்பனைப் பகுதிக்குரிய நான்கெழுத்துக் குறி ஒன்று பொதியப்பட்டிருந்தது. வீட்டிலுள்ள எழுதுகருவி தரவைப் படியெடுக்கும், நெளிவைப் படியெடுக்காது. கன்சோல் நெளிவைத் தேடும். காணாவிடில் வட்டை ஏற்காது. வட்டின் அடிப்புறம் கருநிறமாக இருந்ததால் அந்தக் கருமைதான் பாதுகாப்பு என்று பலர் நம்பினர். அது வெறும் நிறம். இக்குறியைக் கன்சோலுக்குத் தானே ஊட்டி ஏமாற்றும் சிறு சில்லுதான் ‘மோட்சிப்’.

இந்நெளிவின் இயல்பு ஆஸ்திரேலியாவில் நான்காண்டுக்கு மேலான வழக்காக வளர்ந்தது. சிட்னியில் மோட்சிப் விற்றுப் பொருத்தித் தந்த ஸ்டீவன்ஸ் என்பவர்மீது சோனி வழக்குத் தொடுத்தது. அந்நாட்டுச் சட்டம், பதிப்புரிமை மீறலை ‘தடுக்கவோ இடர்ப்படுத்தவோ’ வடிவமைக்கப்பட்ட சாதனத்தைத் தொழில்நுட்பப் பாதுகாப்பு ஏற்பாடு என வரையறுத்திருந்தது. அதை முறியடிக்கும் கருவியை விற்பது குற்றம். இனி எல்லாம் ஒரு வினைச்சொல்லின் எல்லையைப் பொறுத்தது. சோனியின் ஏற்பாடு எவரையும் படியெடுக்கவிடாமல் தடுக்கவில்லை. எடுத்த படியை ஓட்டவிடாமல்தான் தடுத்தது. ஓடாத படியை எடுத்துப் பயன் என்ன என்று எண்ணி மக்கள் படியெடுப்பதைக் கைவிடுவர். அவ்வகையில் இதுவும் இடர்ப்பாடே என்றது சோனி. மீறல் நடந்து முடிந்தபின் அதன் பயனைக் கெடுப்பது மீறலை இடர்ப்படுத்துவது ஆகாது என்றது எதிர்த்தரப்பு. நுகர்வோர் நலனைக் காக்கும் போட்டி ஆணையமும் நீதிமன்றத்துக்குத் துணைநிற்கும் நடுவராக விசாரணையில் பங்கேற்றது. வெளிநாட்டில் வாங்கிய அசல் வட்டையும் இதே பூட்டு மறுக்கிறது என்பதும், வாங்கியவரின் காப்புப் பிரதியும் இதனால் பயனற்றுப் போகிறது என்பதும் அப்போது எழுந்த கவலைகள்.

2002-இல் விசாரணை நீதிபதி ஸ்டீவன்ஸ் பக்கம் தீர்ப்பளித்தார். 2003-இல் முழு அமர்வு அதை மாற்றியது. 2005 அக்டோபர் 6 அன்று ஆஸ்திரேலிய உயர் நீதிமன்றம், அதுவே அந்நாட்டின் தலைமை நீதிமன்றம், மீண்டும் மாற்றியது. அமர்ந்த ஆறு நீதிபதிகளும் முடிவில் ஒன்றுபட்டனர். ஆட்டம் ஓடும்போது அதன் சிறு துண்டுகள் கன்சோலின் நினைவகத்தில் கணநேரம் தங்குவதும் ஒரு படியெடுப்பே என்ற வாதமும் ஏற்கப்படவில்லை. பாதுகாப்பு ஏற்பாடு என்பது படியெடுக்கும் செயலைத் தொட வேண்டும். பார்க்கும், ஆடும் செயலைத் தொடுவது போதாது. பதிப்புரிமை என்பது படியெடுப்பதன்மீதான உரிமையே அன்றி அணுகுவதன்மீதான உரிமை அன்று என்ற பழைய கோட்பாட்டை இவ்வளவு துல்லியமாகப் பற்றிநின்ற கன்சோல் தீர்ப்பு வேறில்லை எனலாம்.

அதன் ஆயுள் குறைவு. அமெரிக்காவுடனான தடையற்ற வணிக ஒப்பந்தம் 2005 தொடக்கத்திலேயே நடைமுறைக்கு வந்துவிட்டது. அதன் கடப்பாட்டை நிறைவேற்ற 2006-இல் சட்டம் திருத்தப்பட்டு, ‘அணுகல்’ என்னும் சொல் வரையறைக்குள் நுழைந்தது. நீதிமன்றம் ஒரு வினைச்சொல்லை ஆய்ந்து அடைந்ததை, சட்டமன்றம் ஒரு பெயர்ச்சொல்லைச் சேர்த்துக் கடந்துவிட்டது. பகுதிக்குறிப் பூட்டுக்கு மட்டும் விலக்கு அளிக்கப்பட்டது.

அமெரிக்காவில் இந்நிலை 1998-இலேயே வந்துவிட்டது. அவ்வாண்டின் எண்ணிமப் பதிப்புரிமைச் சட்டத்தின் பிரிவு 1201, பூட்டை உடைப்பதையே தனிக் குற்றமாக்கியது. உடைத்தபின் செய்யப்படுவது மீறலா, அல்லவா என்பது இரண்டாம் கேள்வியாகியது. பிரிவு 117 நீக்கப்படவில்லை, இன்றும் ஏட்டில் உள்ளது. பெட்டி உள்ளே இருக்கிறது, அது வாங்கியவருடையதே. கதவைத் தொடுவதுதான் குற்றம். ஐரோப்பாவைச் சுருக்கமாகக் கடக்கலாம். 1991-ஆம் ஆண்டு மென்பொருள் நெறிமுறை, பயன்பாட்டுக்குத் ‘தேவையான’ அளவில் காப்புப் பிரதியை ஒப்பந்தத்தால்கூடத் தடுக்க முடியாது என்றது. ஆனால் 2014-இல் ஐரோப்பிய நீதிமன்றம், வீடியோ கேம் என்பது வெறும் நிரல் அன்று, படமும் ஒலியும் கலந்த சிக்கலான படைப்பு என்று கூறியதால், நிரலுக்கான சலுகை முழு ஆட்டத்துக்கும் நீளுமா என்பது ஐயத்துக்குரியதாயிற்று.

இந்தியாவில் 1990-களில் பரவிய கன்சோல்களில் மிகுதியானவை ஃபேமிகாமின் போலிகள். பல ஆட்டங்களை ஒன்றில் அடக்கிய கார்ட்ரிட்ஜுகளும் அவ்வாறே. ஜப்பானியர் ‘கசெட்டோ’ என்று வழங்கியது இங்கும் ‘கேசட்’ என்றே வழங்கியது. கையில் உள்ள அசலே நகலாக இருக்கையில் காப்புப் பிரதி பற்றிய வினா எழ இடமில்லை. தமிழில் எதிர்ச்சொற்களாக வழங்கும் அசல், நகல் ஆகிய இரண்டும் அரபிலிருந்து வந்தவை என்பதும், நகலுக்கு மூலமான சொல் இந்தியில் தேர்வில் பார்த்தெழுதுவதையும் போலியையும் ஒருசேரக் குறிக்கிறது என்பதும் இங்கே நினைக்கத் தக்கவை. ‘காப்பு’ என்னும் முன்னொட்டு இக்கறையைக் கழுவவே வந்தது போலும்.

இந்தியச் சட்டத்தின் வாசகம் இவ்வகையில் கூர்ந்து படிக்கத்தக்கது. 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் பிரிவு 52(1)(அஅ), கணினி நிரலின் பிரதியை முறையாகக் கையில் வைத்திருப்பவர், இழப்பு, அழிவு, சேதம் ஆகியவற்றுக்கு எதிரான தற்காலிகப் பாதுகாப்பாக மட்டும் காப்புப் பிரதி எடுக்கலாம் என்கிறது. இங்கே கோளாறின் வகை வரையறுக்கப்படவில்லை. ‘இழப்பு’ என்ற சொல்லே இருப்பதால், 1983-ஆம் ஆண்டுத் தீர்ப்பின் குறுக்கல் இவ்வாசகத்துக்குப் பொருந்தாது. உரிமையாளர் என்னாமல் முறையாக வைத்திருப்பவர் என்றதும் விரிவான சொல்லாட்சி. ஆனால் ‘தற்காலிகம்’ என்ற அடை எதைத் தழுவுகிறது என்பது தெளிவில்லை. 2012-இல் சேர்க்கப்பட்ட பிரிவு 65அ, பாதுகாப்புப் பூட்டை உடைப்பதைக் குற்றமாக்கியபோதும், உரிமையை மீறும் எண்ணத்தோடு உடைப்பதையே குற்றம் என்கிறது. சட்டம் வெளிப்படையாக விலக்காத நோக்கத்துக்காகச் செய்வதைக் குற்றத்திலிருந்து நீக்குகிறது. அமெரிக்கச் சட்டத்தில் காணாமற்போன எண்ணம் என்னும் கூறு இதில் உயிரோடு இருக்கிறது. கன்சோலைப் பொறுத்தவரை இவ்விரு பிரிவுகளையும் இணைத்துப் படிப்பவர், ஆட்டம் நிரலா, நிகழ்படமா என்னும் ஐரோப்பியக் கேள்வியை எதிர்கொண்டே ஆக வேண்டும்.

இதற்கிடையில், கெடாது என்று 1983-இல் சொல்லப்பட்ட பொருள்கள் கெடத் தொடங்கின. கார்ட்ரிட்ஜின் ரோம் சில்லுகள் பெரும்பாலும் நிலைத்தன. ஆடியவரின் முன்னேற்றத்தைக் காத்த நாணய மின்கலம் தீர்ந்தது. டிஸ்க் சிஸ்டத்தின் காந்த வட்டுகள் நலிந்தன. இயக்கியின் ரப்பர்ப் பட்டை இளகியது. குறுந்தட்டின் உலோகப் படலம் சிலவற்றில் அரித்தது. இவற்றைவிட விரைவாக அழிந்தவை பொருளே இல்லாத ஆட்டங்கள். நின்டெண்டோவின் வீ கடை 2019 ஜனவரியிலும், வீ யூ, 3டிஎஸ் கடைகள் 2023 மார்ச்சிலும் விற்பனையை நிறுத்தின. 2010-க்கு முன் அமெரிக்காவில் வெளிவந்த ஆட்டங்களில் 87 விழுக்காடு இன்று விலைக்குக் கிடைப்பதில்லை என்று வீடியோ கேம் வரலாற்று அறக்கட்டளை 2023 ஜூலையில் வெளியிட்ட ஆய்வு காட்டியது. எஞ்சியவற்றில் பெரும்பகுதி இன்று கற்பவர் கைக்கு எட்டுவது, நீதிமன்றங்கள் தடை செய்த கருவிகளின் வழியில் எடுக்கப்பட்ட படிகளாலேயே.

அமெரிக்கச் சட்டம் மூன்றாண்டுக்கு ஒருமுறை பூட்டுடைப்புத் தடைக்கு விலக்குகளைப் பரிசீலிக்கிறது. 2003-இல், வழக்கொழிந்த வடிவங்களில் உள்ள ஆட்டங்களுக்கு விலக்கு கிடைத்தது. 2006-இல் அது நூலகங்களும் ஆவணக்காப்பகங்களும் செய்யும் பாதுகாப்புக்கு மட்டும் எனச் சுருங்கியது. பின்னர் வெவ்வேறு வடிவில் சில விலக்குகள் வந்தன. 2024 அக்டோபரில், இவ்வாறு பாதுகாக்கப்பட்ட ஆட்டங்களை ஆய்வாளர்கள் நூலகக் கட்டடத்துக்கு வெளியிலிருந்து அணுக அனுமதிக்குமாறு கோரப்பட்ட விலக்கு மறுக்கப்பட்டது. 2006-க்குப் பின் வீட்டில் தம் கார்ட்ரிட்ஜைப் படியெடுப்பவர் இவ்விலக்குகள் எதிலும் இடம்பெறவில்லை.

அவர் இடம்பெற்றிருக்கக்கூடிய வழக்கு அதே ஆண்டில் வந்து போயிற்று. ஸ்விட்ச் கன்சோலின் ஆட்டங்களைக் கணினியில் ஓட்டும் யூசு என்னும் போன்மியை உருவாக்கிய நிறுவனத்தின்மீது 2024 பிப்ரவரி 26 அன்று நின்டெண்டோ வழக்குத் தொடுத்தது. பயனர் தம் கன்சோலிலிருந்து மறைக்குறி விசைகளையும் தாம் வாங்கிய ஆட்டத்தையும் தாமே எடுத்துக்கொள்ள வேண்டும் என்பது அம்மென்பொருளின் முறை. அவ்வாறு எடுப்பதே பூட்டுடைப்பு என்பது நின்டெண்டோவின் நிலை. பிரிவு 117-க்கும் பிரிவு 1201-க்கும் இடையிலுள்ள உறவைக் கன்சோலை வைத்து நேராக ஆராய இதைவிடப் பொருத்தமான சூழல் அமைவது அரிது. மார்ச் 4 அன்று 24 இலட்சம் டாலர் தருவதாக எதிர்த்தரப்பு ஒப்புக்கொண்டு சமரசம் ஆயிற்று, யூசுவும் நிறுத்தப்பட்டது. ஒரு வாரத்தில் முடிந்த அவ்வழக்கில் நீதிமன்றம் எந்தச் சொல்லுக்கும் பொருள் கூற நேரவில்லை.